நெற்றும் குரலும்

ஆடு அறிவற்றது என்பது ஊரறிந்த பழி. அறிவியல் அதை ஒப்பவில்லை. இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் அருகேயுள்ள பாபிரகாம் ஆய்வு நிறுவனத்தார் 2001-இல் வெளியிட்ட முடிவின்படி, செம்மறி ஆடு தன் இனத்தாரின் 50 முகங்களை 2 ஆண்டுகளுக்கு மேலாக நினைவில் வைத்திருக்கிறது. அத்துணை நினைவாற்றல் வாய்த்த பங்குத்தந்தை பேறுபெற்றவரே!

நம் பங்கைச் சூழ்ந்த வயல்களில், அறுவடைக்குப்பின் இராமநாதபுரச் சீமைக் கீதாரிகள் கிடை போடுவதுண்டு. அழைத்தால் வரவும் அதட்டினால் நிற்கவும் ஆட்டை எவ்வாறு பழக்குகிறீர்கள் என்று அவர்களுள் முதியவர் ஒருவரை வினவினோம். யோவான் நற்செய்தியின் பத்தாம் அதிகாரம் நம் மனத்தில் இருந்தது. அன்பு, பாசம் என்று ஏதேனும் சொல்வார் என எதிர்பார்த்தோம். "நெத்துதான் சாமி" என்றார். தொரட்டியால் உலுக்கிய கருவேல நெற்றைக் கையில் வைத்துக்கொண்டு, என்றும் ஒரே ஒலியில் கூப்பிட வேண்டுமாம். வந்தவுடன் கொடுக்க வேண்டுமாம். முதலில் ஒரு தாயாடு பழகினால் போதும், மற்றவை அதன் பின்னே வரும். நாளடைவில் கை வெறுமையாயினும் குரலுக்கே வரும். "ஆனா ஊசி போடவும் மருந்து ஊத்தவும் மட்டும் கூப்பிட்டா, அப்புறம் நெத்தக் காட்டினாலும் திரும்பிப் பாக்காது."

1876-78 தாது ஆண்டுப் பஞ்சத்தின்போது கஞ்சித் தொட்டியின் வழியே திருச்சபைக்குள் வந்த குடும்பங்கள் பல. சோற்றுக்காக வேதத்தில் சேர்ந்தவர்கள் என்னும் ஏளனத்தை அவர்தம் வழித்தோன்றல்கள் இன்றும் கேட்கிறார்கள். பெண் பார்க்கும் பேச்சிலும் அச்சொல் எழக் கேட்டிருக்கிறோம். பசித்தவன் தன்னை ஊட்டிய கையைப் பற்றியதில் குற்றம் என்ன? கஞ்சி நின்று நூறாண்டுக்கு மேலாயிற்று. அவர்களுள் தலித் மக்களுக்கோ, 1950-ஆம் ஆண்டுக் குடியரசுத் தலைவர் ஆணை பட்டியலினத்தார்க்குரிய சலுகைகளையும் மறுத்துவிட்டது. இழப்பு இதுவென்று அறிந்தும் ஞாயிறு தவறாமல் திருப்பலிக்கு வருகிறவர்கள் எந்த நெற்றுக்காக வருகிறார்கள் என்பதை ஏளனம் செய்வோர் சொல்லட்டும்.

நமக்குக் கவலை தருவது கீதாரியின் கடைசிச் சொல்லே. ஆலய ஒலிபெருக்கியில் ஒரு குடும்பத்தின் பெயர் வரிப்பாக்கிக்காக மட்டுமே ஒலிக்கும் ஊர்கள் உள. தகப்பனைப் புதைக்கக் கல்லறையில் இடம் கேட்டு வந்த மகனிடம், கண்ணீர் காயுமுன் பாக்கிச் சீட்டை நீட்டியவர்களையும் அறிவோம். அத்தகைய வீட்டுப் பிள்ளைகள் பூசை மணி அடித்ததும் வேறு தெரு வழியாகப் போகிறார்கள்.