அம்மாவுக்கு நான் சொன்ன படம்



சினிமா என்றால் முதல் நாள் முதல் காட்சி, விசில், காகிதம் பறக்க விடுவது... நமக்குத் தெரிந்தது அவ்வளவுதானே? போன செமஸ்டர் லீவு வரைக்கும் நானும் அப்படித்தான்.

பெரம்பலூரில் பஸ் ஏறி அரியலூர் பக்கம் எங்கள் ஊருக்குப் போயிருந்தேன். ராத்திரி செல்போனில் ஒரு ஜப்பான் படம் பார்த்துக்கொண்டிருந்தேன். மிகியோ நருசே 1933-இல் எடுத்தது. 'ஒவ்வொரு இரவும் கனவு' என்று அர்த்தம் வரும் பெயர். பருத்தி எடுத்துவிட்டு வந்திருந்த அம்மா பக்கத்தில் உட்கார்ந்து, "என்னடா, சத்தமே வரல?" என்றாங்க.

"ஊமைப்படம்மா!"

நம் 'காளிதாஸ்' 1931-லேயே பேசிவிட்டது. அதன் கதாநாயகி டி.பி. ராஜலட்சுமி, கொள்ளிடத்துக்கு அக்கரைத் திருவையாற்றுக்காரர். ஜப்பானில் அதற்குப் பிறகும் ஊமைப்படங்கள் வந்துகொண்டிருந்தன. திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லும் 'பென்ஷி'கள் மேல் ஜனங்களுக்கு இருந்த மோகம் அதற்கு ஒரு காரணம். அன்று அம்மாவுக்கு நான்தான் பென்ஷி! அடியில் ஓடிய இங்கிலீஷை என் டிப்ளமோ அறிவுக்கு எட்டியவரை தமிழில் சொன்னேன்.

ஓமிட்சு என்ற பெண் துறைமுகத்து மதுக்கடையில் வேலை பார்த்து மகனை வளர்க்கிறாள். விட்டுப்போன புருஷன் திரும்பி வருகிறான்.

"சேத்துக்குவா பாரு" என்றாங்க அம்மா. அப்படியே சேர்த்துக்கொண்டாள்!

அவனுக்கு எங்கேயும் வேலை கிடைக்கவில்லை. மகன் காரில் அடிபடுகிறான். வைத்தியச் செலவுக்காக அவன் திருடுகிறான். "போலீசில் போய் ஒத்துக்கொள்" என்கிறாள் ஓமிட்சு. அவனோ தண்ணீரில் விழுந்து உயிரை விடுகிறான். அவன் எழுதி வைத்த கடிதத்தைக் கிழித்து, 'கோழை' என்று திட்டுகிறாள்.

"செத்தவனைப் போய்த் திட்டுறாளே, கொஞ்சம்கூட இரக்கமில்லையே" என்றேன்.

அம்மா என்னைத் திரும்பிப் பார்க்காமலே சொன்னாங்க: "திட்டலடா. அழுவுறா."

நண்பர்களே, திருப்பூருக்கு வேலைக்குப் போன எங்கப்பா ஒன்பது வருஷமாகத் திரும்பி வரவில்லை. அவர் பேச்சு எடுத்தாலே அம்மா திட்டுவாங்க. அதை வெறும் கோபம் என்றே நான் இத்தனை நாளும் நினைத்திருந்தேன். நானும் கூடச் சேர்ந்து திட்டியிருக்கிறேன்.

இந்த லீவுக்கு ஊருக்குப் போனால் அம்மாவோடு உட்கார்ந்து ஒரு படம் பாருங்கள். அரியர் பேப்பர் எங்கும் ஓடிவிடாது. இந்தப் படம் சுமார் ஒரு மணி நேரம்தான்!

- மூன்றாமாண்டு, இயந்திரவியல்