டக்கர் ஜென்கின்ஸ் படித்த பள்ளிக்கூடம்

பில் ரெட்மண்ட், லிவர்பூல் பக்கத்து ஆள். கட்டுமானத் துறையில் குவான்டிட்டி சர்வேயர் வேலையை விட்டுவிட்டு எழுத வந்தவர். அவர் உருவாக்கிய 'கிரேஞ்ச் ஹில்' என்ற சிறுவர் தொலைக்காட்சித் தொடர் 1978இல் பிபிசியில் தொடங்கியது. பிரிட்டிஷ் பள்ளிக் கதை என்றாலே வசதியான வீட்டுப் பிள்ளைகளின் விடுதிப் பள்ளிதான் என்றிருந்த காலம். இவர் காட்டியதோ எல்லோரும் படிக்கும் சாதாரண அரசுப் பள்ளி. டக்கர் ஜென்கின்ஸ் போன்ற வாலுப் பையன்கள்தான் நாயகர்கள். பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்று பெற்றோர் பலர் கொதித்தார்கள். (கொதிக்காவிட்டால்தான் ஆச்சரியம்!)

1986இல் இந்தத் தொடரில் ஸாமோ என்ற மாணவன் ஹெராயினுக்கு அடிமையாகும் கதை வந்தது. அதற்குள் ரெட்மண்ட் அன்றாட எழுத்தைப் பிறரிடம் விட்டுவிட்டு, பெரியவர்களுக்கான 'புரூக்சைட்' தொடருக்குப் போயிருந்தார். ஆனாலும் அவர் போட்ட பாதைதான் அது. ஸாமோ வில்லன் இல்லை. பார்வையாளர்கள் வருடக்கணக்கில் பார்த்து வளர்ந்த, பிடித்துப்போன பையன். போதைப்பொருள் பற்றி எத்தனை சுவரொட்டி ஒட்டினாலும் இந்த அடி விழாது என்பேன்.

'கிரேஞ்ச் ஹில்' 2008 வரை ஓடியது. பின்னாளில் அவர் உருவாக்கிய 'ஹாலியோக்ஸ்' இன்னும் பிரபலம்தான். எனக்கென்னவோ டக்கர் கூட்டத்தின் சேட்டைக்கு அது ஈடில்லை.