கேட்ட பிறகே வசனம்

குருமனைக்கு வருகிறவர்கள் வந்த காரியத்தை வந்தவுடன் சொல்வதில்லை. ஞானஸ்நானச் சான்றிதழ் வேண்டும் என்பார்கள். மகனுக்குப் பரீட்சை, ஜெபித்துக்கொள்ளுங்கள் ஐயா என்பார்கள். பேச்சு மழையையும் அசனப் பண்டிகையையும் சுற்றிவரும். எழுந்து போய் வாசலில் செருப்பை மாட்டும்போதுதான், “அவர் ராத்திரி வீட்டுக்கே வர்றதில்ல” என்றோ, “எதுக்கு இருக்கணும்னு தோணுது” என்றோ ஒரு வரி வெளியே வரும். அந்த வரிக்காகத்தான் அவர்கள் வந்தார்கள். அதைக் கேட்டதும் போதகர் செய்கிற அடுத்த காரியத்தில் அவருடைய ஆலோசனை ஊழியத்தின் தரம் தெரிந்துவிடும். நம்மில் பலர் உடனே ஒரு வசனத்தைச் சொல்லி, “ஜெபம் பண்ணிவிடலாமா?” என்று கண்ணை மூடிவிடுகிறோம். நல்ல வசனம்தான், நல்ல ஜெபம்தான். ஆனால் வந்தவர் மறுபடி வருவதில்லை. கேட்டு முடிக்காமல் சொல்லப்படும் வசனம் ஆலோசனையே ஆகாது என்பது என் கட்சி. இதை மனோதத்துவத்திலிருந்து கடன் வாங்கிச் சொல்லவில்லை, வேதத்திலிருந்தே சொல்கிறேன்.

பழக்கம் எங்கே கெட்டது என்றால், பிரசங்க பீடத்தில். வாரந்தோறும் யாரும் குறுக்கிடாமல் பேசுகிற வாய்ப்பு போதகருக்குக் கிடைக்கிறது. சபை மன்றத்திலும் தலைமை அவருக்கே. நற்கருணை கொடுப்பதும் திருமண ஓலை வாசிப்பதும் அடக்க ஆராதனை நடத்துவதும் அவரே. இத்தனை அதிகாரமும் ஒரே ஆளிடம் இருக்கும்போது, எதிரே நாற்காலியில் இருக்கிறவர் பாதிதான் பேசுவார். எதைச் சொன்னால் ஐயா வருத்தப்படமாட்டார் என்று பார்த்துப் பார்த்துச் சொல்வார். ஆகவே மற்ற ஆலோசகர்களைவிட அதிகம் கேட்கவேண்டிய கடமை போதகருக்கே இருக்கிறது.

வேத ஆலோசனை என்ற இயக்கத்தை அமெரிக்காவில் தொடங்கியவர் ஜே ஆடம்ஸ் என்ற பிரெஸ்பிட்டேரியன் போதகர். 1970இல் வெளிவந்த அவருடைய ‘காம்பிடென்ட் டு கவுன்சல்’ என்ற நூல், ஆலோசனைப் பணியை மனநல நிபுணர்களிடம் ஒப்படைத்துவிட்டு ஒதுங்கியிருந்த போதகர்களைத் தட்டி எழுப்பியது. அந்தக் கடன் நமக்கெல்லாம் உண்டு. உடல் கோளாறால் வராத பிரச்சினைகளில் பெரும்பாலானவற்றுக்கு வேர் பாவமே, ஆகவே வேதத்தைக் கொண்டு எதிர்கொண்டு புத்திசொல்வதே மருந்து என்பது அவர் நிலை. வேதம் போதுமானது என்று நம்புகிறவர் ஏன் தாமதிக்கவேண்டும் என்று அவர் வழி வந்தவர்கள் கேட்பது நியாயமான கேள்விதான். பதில் பவுல் தெசலோனிக்கேயருக்கு எழுதிய முதல் நிருபத்தின் ஐந்தாம் அதிகாரத்தில் இருக்கிறது. அங்கே ஒழுங்கில்லாதவர்களுக்குப் புத்தி சொல்லவும், திடனற்றவர்களைத் தேற்றவும், பலவீனரைத் தாங்கவும், எல்லாரிடமும் நீடிய சாந்தமாயிருக்கவும் சொல்லப்பட்டிருக்கிறது. மூன்று வகை மனிதர்கள், மூன்று வகைப் பணிவிடை. ஆடம்ஸ் தன் முறைக்கு எடுத்துக்கொண்ட புத்திசொல்லுதல் அந்த வசனத்தில் முதல் வகையினருக்கு மட்டுமே உரியது. எதிரே இருக்கிறவர் எந்த வகை என்று கேட்காமல் எப்படித் தெரியும்? திடனற்றவருக்குப் புத்தி சொன்னால் அவர் உடைந்துபோவார். ஒழுங்கில்லாதவரைத் தேற்றினால் அவர் துணிந்துவிடுவார். வேதம் போதுமானது என்பதனாலேயே அதை இடமறிந்து எடுக்கவேண்டும். ஆடம்ஸுக்குப் பின்வந்த டேவிட் பௌலிசன், பாவம் செய்கிறவரே பாடுபடுகிறவராகவும் இருக்கிறார் என்று வற்புறுத்தி இயக்கத்தை விரிவாக்கியதும் இந்தத் திசையில்தான்.

எலியாவின் கதையை நிதானமாக வாசித்துப் பாருங்கள். சூரைச்செடியின் கீழ் சாவு கேட்டுப் படுத்த தீர்க்கதரிசிக்கு முதலில் கிடைத்தது தணலில் சுட்ட அடையும் ஒரு பாத்திரம் தண்ணீரும். சாப்பிட்டுத் திரும்பவும் படுத்துக்கொண்டான். தூதன் திரும்பவும் எழுப்பிச் சாப்பிடச் சொன்னான். அதுவரை ஒரு கண்டனமும் இல்லை. ஓரேபுக்குப் போனபின், இங்கே உனக்கு என்ன காரியம் என்ற ஒரே கேள்வியைக் கர்த்தர் இரண்டு முறை கேட்கிறார். அவன் ஒரே புலம்பலை இரண்டு முறை சொல்கிறான். இரண்டையும் கேட்ட பிறகே அடுத்த வேலையைத் தருகிறார். சொன்னதையே சொல்கிறார்களே என்று நாம் சலித்துக்கொள்ளும் இடத்தில் தேவன் சலித்துக்கொள்ளவில்லை. யோபின் சிநேகிதர்கள் ஏழு நாள் தரையில் பேசாமல் உட்கார்ந்திருந்தார்கள். அவர்கள் கெட்டது வாயைத் திறந்த பிறகுதான். பேசியதில் பக்திக்குக் குறைவில்லை. ஆனால் யோபின் பாடுகளுக்குக் காரணம் அவன் பாவமே என்று கேட்பதற்கு முன்பே முடிவு கட்டியிருந்தார்கள். கடைசி அதிகாரத்தில் கர்த்தரின் கோபம் அவர்கள்மேல் மூண்டது.

இன்னொரு பக்கத்திலிருந்து வரும் ஆட்சேபம் வேறு. மனநோய்க்கு மருத்துவர் இருக்கிறார், பயிற்சியில்லாத போதகர் ஏன் தலையிடவேண்டும்? தூக்கமில்லாமை, காதில் குரல் கேட்பது, தற்கொலை எண்ணம் என்று வந்தால் மருத்துவரிடம் அனுப்பத்தான் வேண்டும். கூடவே போகவும் வேண்டும். தீமோத்தேயுவின் வயிற்றுக்குப் பவுல் ஜெபத்தை மட்டும் பரிந்துரைக்கவில்லை. மிஷனெரி ஐடா ஸ்கடர் 1900இல் வேலூரில் தொடங்கிய மருத்துவமனைக்குப் பாகாயத்தில் மனநல மையமே இருக்கிறது. மாத்திரை சாப்பிடுவது விசுவாசக் குறைவு என்று யாராவது சொன்னால், அதைப் பீடத்திலிருந்தே மறுக்கவேண்டும். ஆனால் மாத்திரை ஆரம்பித்த பிறகும் அந்த மனிதருக்குக் குற்றவுணர்வு இருக்கிறது, மன்னிக்கமுடியாத அண்ணன் இருக்கிறார், விடைதெரியாத மரணம் இருக்கிறது. அந்த இடத்தில் மருத்துவர் போதகரின் வேலையைச் செய்யமுடியாது.

கேளாமல் சொல்லும் வசனம் அதிகச் சேதம் செய்வது திருமண வாழ்க்கையில். அடிபட்டு வருகிற பெண்ணிடம், தேவன் தள்ளிவிடுதலை வெறுக்கிறார் என்ற மல்கியா வசனத்தைச் சொல்லி வீட்டுக்கு அனுப்பிவைக்கிறார்கள். அதே வசனம், அதே மூச்சில், புருஷனின் கொடுமையையும் கண்டிக்கிறது. அந்தப் பாதியை வாசிக்காமல் விட்டது யார்? சமாதானம் பண்ணிவைப்பது நல்ல காரியம். ஆனால் அவளைத் தனியாகக் கேட்பதற்கு முன்னால் இருவரையும் சேர்த்து உட்காரவைத்தால், அவள் பேசமாட்டாள், அல்லது பேசியதற்கு வீட்டில் விலை கொடுப்பாள். 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் அவளுக்குப் பாதுகாப்பு தருகிறது என்று சொல்வதும் ஆலோசனைதான்.

கேட்டதைக் காப்பதும் கேட்பதில் சேரும். ஞாயிறு ஆராதனையில் பெயர் சொல்லாமல், “குடும்பக் கஷ்டத்தில் இருக்கும் ஒரு சகோதரிக்காக” என்று ஜெபித்தாலே சிறிய சேகரத்தில் எல்லாருக்கும் ஆள் தெரிந்துவிடும். அது இரகசியத்தை உடைப்பதுதான். இரகசியத்துக்கும் எல்லை உண்டு. குழந்தைக்கு எதிரான பாலியல் குற்றம் தெரியவந்தால், 2012ஆம் ஆண்டின் போக்சோ சட்டப்படி காவல்துறைக்குத் தெரிவித்தாகவேண்டும். அங்கி அணிந்தவருக்கு விலக்கு இல்லை. இதை முதலிலேயே சொல்லிவிட்டுக் கேட்கிறவர்தான் நேர்மையான ஆலோசகர்.

புதிய சேகரத்துக்குப் போகும் இளம் போதகர்களிடம் ஒரு வேண்டுகோள். வாரத்தில் ஒரு மாலையைக் கமிட்டிக்கும் கட்டடக் கணக்குக்கும் கொடுக்காமல் வைத்துக்கொள்ளுங்கள். கதவு திறந்திருக்கிற, ஆனால் பேச்சு வெளியே கேட்காத இடத்தில் இரண்டு நாற்காலிகள் போடுங்கள். பெண்கள் உதவி எண் 181, குழந்தைகளுக்கான 1098, மனநல உதவிக்கான 14416 மூன்றையும் மேசைமேல் எழுதி வையுங்கள். வந்தவர் பேசி முடிக்கும்வரை வேதாகமத்தைத் திறக்காதீர்கள்.