கதைக்குள் வந்த துறவிகள்

7ஆம் நூற்றாண்டில் காஞ்சியை ஆண்ட மகேந்திரவர்ம பல்லவன், ‘மத்தவிலாசம்’ என்னும் சம்ஸ்கிருதக் கேலி நாடகத்தில், கபாலத்தைத் தொலைத்த காபாலிகத் துறவியைப் பௌத்த பிக்ஷுவோடு வீதியில் வழக்காட வைத்து, அதைக் கவ்விச் சென்றது ஒரு நாயென்று முடித்தான். அந்தப் பரிகாசத்தில் நியாயமுண்டு. ஆயினும் என் மனம் நாடுவது வேறொரு வகைத் துறவியை.

1908 முதல் 1918 வரை நம் புதுவையில் வாழ்ந்த பாரதியார், தம் சுயசரிதைக் கவிதையில் குள்ளச்சாமி என்னும் துறவியைக் காட்டுகிறார். பழங்கந்தையை அழுக்கு மூட்டையாக்கி முதுகில் சுமந்து வரும் அவரை இதென்ன கோலமென்று கவி வினவ, நான் புறத்தே சுமப்பதை நீ அகத்தே சுமக்கிறாய் என்று சிரித்துரைத்து ஓடிவிடுகிறார். எத்தனை பெரிய உபதேசம், எத்தனை சிறிய காட்சிக்குள்!

ஜெயகாந்தனின் ‘குருபீடம்’ சிறுகதையோ இன்னும் ஆழம் செல்கிறது: சோம்பலும் அழுக்குமாய்த் தெருவில் கிடந்த பிச்சைக்காரன் ஒருவனைத் தன் குருவென்றே நம்பி ஓர் இளைஞன் சிரத்தையோடு பணிவிடை செய்யச் செய்ய, அந்த நம்பிக்கையே பிச்சைக்காரனை மெல்ல மெல்ல வேறு மனிதனாக்குகிறது. போலித் துறவியைத் தோலுரித்த கதைகள் நம்மிடம் ஏராளம். துறவி உருவாவதைக் கண்முன் நிறுத்திய கதை இதைப்போல் வேறொன்றை நான் வாசித்ததில்லை. நண்பர்களே, இதுவரை படிக்காதவர்கள் அவசியம் படியுங்கள்.