பிள்ளைகளை ஏற்றிச் செல்லும் தகுதி

மோட்டார் வண்டி ஓட்டத் தெரிந்தவர் பலர்; பிறர் பெற்ற பிள்ளைகளை வண்டி நிறைய ஏற்றிக்கொண்டு ஓட்டத் தகுதி பெற்றவர் சிலரே. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள தூரம் எத்துணைப் பெரிது என்பதை நாம் ஐம்பது வயதைக் கடந்த பின்னரே அறிந்தோம்.

யாழ்ப்பாணத்திற் பிறந்த நாம், ஐக்கிய அமெரிக்காவின் சிற்றூர்ப் பாடசாலையொன்றில் நெடுங்காலமாகக் கணிதம் கற்பித்து வருகின்றோம். அங்கே பாடசாலைக் கல்வி வகுப்பறைச் சுவர்களோடு முடிவதில்லை. விவாதப் போட்டி, இசை விழா, விஞ்ஞானக் கண்காட்சி, விளையாட்டு என்று மாணவர் அடிக்கடி வெளியூர் செல்வர். 2020ஆம் ஆண்டின் தொற்றுநோய்க்குப் பின்னர் அந்நாட்டிற் பாடசாலை பஸ் சாரதிகளுக்குப் பெருந் தட்டுப்பாடு நேர்ந்தது. காலையும் மாலையும் பிள்ளைகளை ஏற்றியிறக்கவே சாரதிகள் போதாதபோது, போட்டிகளுக்கு வண்டியோட்ட யார் வருவார்? எமது கணிதக் கழகத்து மாணவர் ஓராண்டு முழுவதும் ஆயத்தஞ்செய்த போட்டியொன்று, சாரதி இல்லாமையால் அவர்களுக்கு எட்டாமற் போயிற்று. அன்று அப்பிள்ளைகளின் முகங்களைக் கண்டோம். "ஆசிரியர்களுள் எவரேனும் சாரதித் தகுதி பெற முன்வருவீர்களா?" என்று அதிபர் கேட்டபோது கையை உயர்த்தினோம்.

அந்நாட்டுச் சட்டப்படி, சாரதி உட்பட 16 பேர் அல்லது அதற்கு மேற்பட்டோர் அமரத்தக்க வண்டியை ஓட்டுதற்குச் சாதாரண அனுமதிப்பத்திரம் போதாது. 1986ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழிவந்த வர்த்தக சாரதி அனுமதிப்பத்திரம் வேண்டும். அதன்மேற் பயணிகளை ஏற்றுதற்கு ஒரு மேலுறுதி. பாடசாலைப் பிள்ளைகளை ஏற்றுதற்கு இன்னொன்று. வீட்டிலிருந்து பாடசாலைக்காயினும், பாடசாலை நடத்தும் சுற்றுலாவுக்காயினும் விதி ஒன்றே. வைத்திய பரிசோதனை, போதைப்பொருட் பரிசோதனை, கைவிரல் அடையாளம் கொண்டு பழைய குற்றங்களை ஆராய்தல் ஆகிய யாவற்றுக்கும் உட்பட்டோம். எழுத்துப் பரீட்சைகளிற் சித்தியடைந்து பயிலுநர் பத்திரம் பெற்றோம். அதன்பின் குறைந்தது 14 நாட்கள் கழிந்தாலன்றிச் செயன்முறைப் பரீட்சைக்குத் தோன்ற இயலாது. 2022ஆம் ஆண்டு பெப்ரவரி முதல், பதிவுபெற்ற பயிற்றுநரிடம் முறையாகப் பயிலுதலும் கட்டாயமாயிற்று.

எமக்கு வாய்த்த பயிற்றுநர், முப்பது ஆண்டுகள் பாடசாலை பஸ் ஓட்டிய மூதாட்டியார். முதல்நாள் எம்மை இயந்திரத்தைத் தொடவே விடவில்லை. வண்டியைச் சுற்றி நடக்கச் செய்தார். ரயர், விளக்கு, கண்ணாடி, தீயணைக்கும் கருவி, முதலுதவிப் பெட்டி, ஆசனங்களைத் தரையோடு பிணைக்கும் ஆணிகள், அவசரகாலக் கதவுகள் என ஒவ்வொன்றையுந் தொட்டு, பெயர் சொல்லி, அதன் நிலையை உரத்துக் கூற வேண்டும். பின்னர் காற்றுப் பிறேக்கின் சோதனை. இயந்திரத்தை நிறுத்திவிட்டு பிறேக்கை ஒரு நிமிடம் மிதித்துப் பிடித்தால், காற்றழுத்தம் சதுர அங்குலத்துக்கு 3 இறாத்தலுக்கு மேற் குறைதல் ஆகாது. இச்சோதனையைச் சரிவரச் செய்யாதவர், ஓட்டத்தில் எத்துணை வல்லவராயினும் பரீட்சையில் தேறார்.

"இந்தப் புத்தகத்திலுள்ள விதிகளை மையினால் எழுதியதாக எண்ணாதீர்கள்" என்றார் அம்மையார். அவர் கருதியதைப் பின்னர் விளங்கிக்கொண்டோம்.

புகையிரதக் கடவையை எடுத்துக்கொள்வோம். அங்கே பாடசாலை பஸ், தண்டவாளத்துக்கு 15 அடிக்குக் குறையாமலும் 50 அடிக்கு மேற்படாமலும் நிற்றல் வேண்டும். மாணவரை மௌனமாயிருக்கச் செய்து, விசிறியையும் வானொலியையும் நிறுத்தி, சாளரத்தையுங் கதவையுந் திறந்து, இருபுறமும் பார்த்துக் காதுகொடுத்துக் கேட்ட பின்னரே கடக்கலாம். 1938 டிசெம்பர் 1ஆந் திகதி, யூட்டா மாநிலத்திற் கடும் பனிப்பொழிவினூடே கடவையைக் கடந்த பாடசாலை பஸ்ஸொன்றைச் சரக்குப் புகையிரதம் மோதிற்று. சாரதியும் இருபதுக்கு மேற்பட்ட மாணவரும் மாண்டனர். கதவைத் திறந்து கேட்கும் வழக்கம் அத்துயரின் பின்னர் வலுப்பெற்றது.

அவசர வாயில்களின் கதை இன்னுங் கொடியது. 1988 மே 14ஆந் திகதி, கென்ரக்கி மாநிலத்துத் தேவாலயமொன்றின் இளைஞர் கூட்டம் உல்லாசப் பயணம் முடித்துப் பழைய பாடசாலை பஸ்ஸொன்றில் வீடு திரும்பிக்கொண்டிருந்தது. மதுபோதையில் எதிர்த்திசையில் வந்தவனொருவன் தன் வண்டியைக் கொண்டு மோதினான். எரிபொருட் தாங்கி உடைந்து தீப்பற்றிற்று. முன்வாயில் அடைபட, பின்கதவொன்றே வழியாயிற்று. 27 பேர் மாண்டனர். மோதலினாலன்று, தீயினாலும் புகையினாலும். எரிபொருட் தாங்கியைக் காக்கும் புதிய விதி நடைமுறைக்கு வந்தது 1977 ஏப்ரலில். அவ்வண்டி செய்யப்பட்டதோ அதற்குச் சில நாட்களின் முன்னர்! இன்று அந்நாட்டுப் பாடசாலை பஸ்களில் அவசர வாயில்கள் பல உள. சுற்றுலா நாட்களில் வாத்தியங்களும் பந்துப் பைகளும் உணவுப் பெட்டிகளும் நடைவழியில் வந்து குவியும். ஒரு பையேனும் அங்கே கிடக்க அம்மையார் ஒருபோதும் சம்மதியார். ஏன் என்று பின்னர் நாம் கேட்கவேண்டியிருக்கவில்லை.

பயணம் முடிந்ததும் இறுதியான கடமையொன்று உண்டு. சாரதி இருக்கையை விட்டெழுந்து, கடைசி ஆசனம்வரை நடந்து, ஒவ்வோர் இருக்கையின் மேலுங் கீழும் பார்த்தல் வேண்டும். உறங்கிவிட்ட குழந்தை ஒன்று பூட்டிய வண்டியினுள் அகப்பட்டுவிடல் ஆகாது. பின்புறத்திலுள்ள பொத்தானை அழுத்தினாலன்றி ஓயாது ஒலிக்கும் மணியைப் பல வண்டிகளிற் பொருத்தியுள்ளனர்.

பரீட்சையிற் சித்தியெய்தினோம். அடுத்த மாதமே கணிதக் கழகத்து மாணவர் இருபத்துமூவரை ஏற்றிக்கொண்டு மூன்று மணி நேரப் பயணம் புறப்பட்டோம். வண்டியடியில் ஒரு தாய் தன் மகனின் மூச்சிழுப்பு மருந்தை எம் கையில் தந்து, ஒன்றும் பேசாமற் சென்றார். இருபது ஆண்டு ஆசிரியத் தொழிலில் எம்மீது வைக்கப்பட்ட நம்பிக்கைகளுள் அதனினுங் கனமான ஒன்றை நாம் சுமந்ததில்லை. வழியில் மாணவனொருவன், "சேர், எல்லா வண்டியும் எங்களை முந்துகின்றனவே!" என்றான். "முந்தட்டும். அவர்களிடம் இருபத்துமூன்று பேர் இல்லை" என்றோம். வண்டி முழுவதும் சிரித்தது; வேகம் மட்டும் கூடவில்லை.

இதனை ஈழத்து நேயர்களுக்கு எழுதுவதற்குக் காரணமுண்டு. 2005 ஏப்ரல் 27ஆந் திகதி, பொல்காவலைக்கும் அலவ்வைக்கும் அண்மையிலுள்ள யாங்கல்மோதரைக் கடவையில், புகையிரதத்தை முந்த முயன்ற பஸ் மோதுண்டு முப்பதுக்கு மேற்பட்டோர் மாண்டதை நாம் மறத்தல் இயலாது. நம் பாடசாலைகளின் கல்விச் சுற்றுலாக்களிலோ, இரவிரவாக ஓடி விடியுமுன் அடுத்த ஊரை அடைவதே பெருமையெனக் கருதப்படுவதுண்டு. அமெரிக்க நாட்டின் அனுமதிப்பத்திரமும் செலவு மிக்க வண்டிகளும் நமக்கு உடனே கிட்டா. ஆயினும், சாரதி இரவு உறங்கினாரா என்று கேட்பதற்குப் பணம் வேண்டுவதில்லை. நடைவழியை வெறுமையாக வைத்தல், அவசரக் கதவு திறக்கின்றதா எனப் பார்த்தல், தலைகளை எண்ணி ஏற்றி எண்ணி இறக்குதல், கடவையில் நின்று காதுகொடுத்தல் ஆகியவற்றுக்கும் பணம் வேண்டுவதில்லை.

பெற்றார்களே, சுற்றுலாவுக்குக் காசு கட்டும்போது இவற்றையும் கேளுங்கள். மாணவர்களே, "இன்னும் வேகம்!" என்று சாரதியை உற்சாகப்படுத்தாதீர்கள். பார்த்த இடங்களின் எண்ணிக்கையிலன்று, சென்றவர் அனைவரும் வீடு திரும்புதலிலேயே ஒரு சுற்றுலாவின் வெற்றி இருக்கின்றது.