சான் பிரியோக் குடாவும் அங்குள்ள சிப்பியும்

பிரான்சு தேசத்தின் வடமேற்கு மூலையில் அத்திலாந்திக் மாகடலை நோக்கி நீண்டு கிடக்கும் நிலப்பகுதியைப் பிரெஞ்சு மக்கள் பிரெத்தாஞ் என்பர். ஆங்கிலேயர் பிரிட்டனி என்பர். அதன் வடகரையிலே நிலத்தினுள் வளைந்து புகும் அகன்ற குடாவுக்குச் சான் பிரியோக் குடா என்று பெயர். பாரிசு மாநகரின் மொன்பர்னாசு நிலையத்தில் விரைவுப் புகையிரதம் ஏறுவோர் இரண்டரை மணி நேரத்துக்குள் சான் பிரியோ நகரில் இறங்கலாம். அங்கிருந்து கரையோரமாகச் செல்லும் வீதி எர்க்கி என்னும் சிறிய மீன்பிடித் துறைக்குக் கொண்டுபோய் விடுகின்றது.

எர்க்கியிலே முதலில் எம் கண்ணைக் கவர்ந்தது அதன் பாறை. இளஞ்சிவப்பு மணற்கல்லாலான குன்று ஒன்று கடலுக்குள் நீட்டி நிற்கின்றது. அடுத்து வியப்பளித்தது கடல் ஏறி இறங்கும் அளவு. யாழ்ப்பாணக் கரைகளிலே பெருக்குக்கும் வற்றுக்கும் இடையே ஒரு மீற்றர் வேறுபாடு கூட இராது. இக்குடாவிலோ பெரும்பெருக்குக் காலத்தில் அது பன்னிரண்டு மீற்றரையும் எட்டும். காலையில் மதிலை முட்டிக்கொண்டு நின்ற கடல் பிற்பகலில் எங்கோ தொலைவில் ஒரு வெள்ளிக்கோடாகத் தெரிந்தது. படகுகள் சேற்றிலே சாய்ந்து கிடந்தன.

நாம் அங்கே சென்றது 2024-ஆம் ஆண்டு நவம்பர் மாதத்திலே. பாரிசில் வாழும் எம் இளைய சகோதரர், தம்மோடு பணிபுரியும் நண்பர் ஒருவரின் தாயார் எர்க்கியில் இருக்கின்றார் என்றும், சிப்பி சமைப்பதில் அவரை வெல்வார் அவ்வூரில் இல்லை என்றும் சொல்லி, எம்மையும் எம் மனைவியாரையும் அழைத்துச் சென்றார். போய்ச் சேர்ந்த நாள் வெள்ளிக்கிழமை. அம்மையாரோ வெள்ளிக்கிழமையாதலால் மீன்வகைதான் சமைக்கவேண்டும் என்று கருதியிருந்தார். பழைய கத்தோலிக்க வழக்கின்படி அன்று இறைச்சி விலக்கு, கடலுணவு தகும். எமக்கோ வெள்ளிக்கிழமையில் இரண்டும் ஆகாது. ஒரே கிழமையை இரு சமயத்தாரும் நோன்பாக வைத்தும் அடுப்படியில் உடன்படமுடியவில்லை! அம்மையார் சிரித்துவிட்டு உருளைக்கிழங்குச் சூப்பு வைத்துத் தந்தார். சிப்பி மறுநாளைக்கு என்றாயிற்று.

அந்தச் சிப்பி எத்தகையது என்பதைச் சொல்லவேண்டும். ஷெல் எண்ணெய்க் கம்பனியின் சின்னத்தைக் கண்டவர்கள் அதன் உருவத்தை அறிவர். விரித்த விசிறி போன்றது. பிரெஞ்சு மொழியில் இதனைக் கோக்கி சான் ஜாக், அதாவது புனித யாக்கோபின் சிப்பி என்பர். ஸ்பெயின் தேசத்திலுள்ள சந்தியாகோ நகரில் அப்புனிதரின் ஆலயத்துக்கு நடந்து சென்ற யாத்திரிகர்கள் இவ்வோட்டை அடையாளமாக அணிந்தமையால் வந்த பெயர் அது. விலங்கியலார் இட்ட பெயர் பெக்டென் மாக்சிமஸ். ஓட்டின் ஒரு பக்கம் கிண்ணம்போற் குழிந்தும் மறுபக்கம் மூடிபோல் தட்டையாகவும் இருக்கும். குழிந்த பக்கத்தை மணலிற் புதைத்து, தட்டைப் பக்கம் மேலாகப் படுத்திருப்பது இதன் வழக்கம். விண்மீன் போன்ற பகையுயிர் அணுகினால் ஓடுகளைப் படபடவென்று அடித்து நீரைப் பீய்ச்சி நீந்தித் தப்பிவிடும். அவ்வாறு அடிப்பதற்கென்று அமைந்த வலிய தசைதான் மனிதர் விரும்பி உண்ணும் வெண்ணிறத் துண்டு. ஓட்டின் விளிம்பிலே நூற்றுக்கணக்கில் சிறு கண்கள் வேறு உண்டு. ஒவ்வொரு கண்ணிலும் ஒளியைத் திருப்பும் நுண்ணிய ஆடி ஒன்று அமைந்திருக்கின்றது என்றும், அது சதுரப் பளிங்குகளை ஓடு பதித்தாற்போல் அடுக்கி ஆனது என்றும் 2017-இல் ஆராய்ச்சியாளர் விளக்கினர்.

இனிக் கடற்றொழிலுக்கு வருவோம். இக்குடாவிலே இச்சிப்பியை நினைத்த நேரத்தில் அள்ளமுடியாது. மே மாத நடுப்பகுதி முதல் செப்தெம்பர் முடியும்வரை பிடிப்பதற்கே தடை. ஒக்டோபரில் கடல் திறந்த பின்னரும் பொதுவாக வாரத்தில் இரண்டு நாள், நாளொன்றுக்கு முக்கால் மணி நேரம் மட்டுமே அனுமதி. சில பருவங்களில் அதனிலும் குறைத்துவிடுகின்றனர். இருநூற்றுக்கு மேற்பட்ட படகுகள் வரிசையாக நின்று குறித்த நிமிடத்துக்காகக் காத்திருக்கும். நேரம் வந்ததும் பற்கள் பொருந்திய இரும்பு வாரிகள் கடலடிக்கு இறங்கும். நாற்பத்தைந்து நிமிடம் முடிந்ததும் அவை நீருக்கு மேலே இருத்தல் வேண்டும். மீறுவோரைச் சிறு விமானம் ஒன்று வானிலிருந்து நோட்டமிடுவதும் உண்டு. குறுக்களவு 10.2 சதம மீற்றருக்குக் குறைந்த சிப்பியைக் கடலுக்கே திருப்பிவிடவேண்டும். அவ்வளவு வளர அதற்கு ஏறக்குறைய இரண்டு ஆண்டுகள் செல்லும். ஒரு பாட வேளைக்குள் அன்றைய தொழில் முடிந்துவிடுகின்றதே என்று எம்மைப்போன்ற ஆசிரியர்கள் பொறாமைப்படலாம். ஆனால் அந்த வேளையில் அத்தொழிலாளர் தலைநிமிர்ந்து மூச்சு விடுவதில்லை என்பதைக் கரைக்குத் திரும்பிய முகங்களிலே கண்டோம்.

இக்கட்டுப்பாடு தானாக வந்ததன்று. மேற்கே பிரெஸ்ட் துறைமுகத்தை அடுத்த கடலிலும் ஒருகாலத்தில் இச்சிப்பி மலிந்திருந்தது. 1962-63 மாரியின் கடுங்குளிருக்குப் பின் அங்கே அது பெரும்பாலும் அழிந்துபோயிற்று. சான் பிரியோவிலும் இருப்புக் குறைந்து வரக்கண்டு, 1970-களில் அறிவியலாளர் மூவர் யப்பான் தேசத்து முறையைப் பின்பற்றிக் குஞ்சுச் சிப்பிகளைக் காப்பிடங்களில் வளர்த்துக் கடலில் விதைக்க முயன்றனர். மீனவர் தலைவர்களும் இசைந்தனர். ஆயினும் ஒரு நத்தார் தினத்துக்கு முந்தைய இரவிலே, ஆசைக்கு ஆட்பட்ட மீனவர்கள், ஒதுக்கி வளர்த்த அவ்விடத்திலேயே வாரிகளை இறக்கி அத்தனையையும் அள்ளிக்கொண்டனர். பிரான்சிலே நத்தார் விருந்தென்றால் சிப்பிக்கு எத்துணைக் கிராக்கி என்பதை அறிந்தோர்க்கு இது வியப்பாகாது. மிசேல் கலோன் என்னும் சமூகவியலறிஞர் இவ்வரலாற்றை ஆராய்ந்து 1986-இல் எழுதிய கட்டுரை உலகப் பல்கலைக்கழகங்களிலே இன்றும் படிக்கப்படுகின்றது.

அன்று வாக்கை மீறிய அதே துறையில் இன்று முக்கால் மணி நேர ஒழுங்கு நிற்கின்றதென்றால், அதன் பயனை மீனவர் கண்ணாற் கண்டமையே காரணம் என்பது எம் கருத்து. இஃப்ரெமர் என்னும் பிரெஞ்சுக் கடலாய்வு நிறுவனம் ஆண்டுதோறும் குடாவின் இருப்பைக் கணிக்கின்றது. அண்மை ஆண்டுகளில் அக்கணிப்பு முன்னெப்போதும் காணாத உயரத்தை எட்டியது. கவலைகள் இல்லாமலில்லை. குடாவினுள்ளே 62 காற்றாலைகள் நாட்டப்பட்டு 2024-இல் முழுமையாக இயங்கத் தொடங்கின. அவற்றை எதிர்த்து மீனவர் படகுகளோடு திரண்டு போராடியவர்கள். தெளிந்த நாளில் அத்தூண்கள் கரையிலிருந்தே தெரிகின்றன. அவை நல்லவையா தீயவையா என்று துறைமுகத்திலே கேட்பது புத்தியான காரியமன்று!

சனிக்கிழமை காலை அம்மையார் எம்மைக் கடைக்கு அழைத்துப் போனார். கடையில் மலிவாகக் கிடந்த உறைந்த துண்டுகளை அவர் திரும்பியும் பார்க்கவில்லை. அவை வேற்றுக் கடல்களிலிருந்து வரும் வேற்று இனச் சிப்பிகள். சான் ஜாக் என்னும் பெயரைத் தன் இனத்துக்கே உரியதாக்கப் பிரான்சு முயன்றபோது கனடா, பெரு, சிலி ஆகிய நாடுகள் 1995-இல் உலக வர்த்தக அமைப்பிலே முறையிட்டன. 1996-இல் இணக்கம் ஏற்பட்டபின், விலங்கியற் பெயரைக் குறித்தால் ஏனைய இனங்களும் சான் ஜாக் என விலைப்படலாம் என்றாயிற்று. ஆகவே சிறிய எழுத்தை வாசித்து வாங்குவது இல்லத்தரசியின் கடமை. அம்மையார் வாங்கியது உயிர்ச் சிப்பி பன்னிரண்டு. சற்றே வாய் திறந்திருந்த ஒவ்வொன்றையும் விரலாற் தட்டினார். உடனே மூடிக்கொண்டதையே எடுத்தார்.

வீட்டுக்கு வந்ததும் வேலை தொடங்கியது. தட்டையான ஓட்டை மேலே வைத்து, வளையும் மெல்லிய கத்தியை ஓரத்தில் நுழைத்து, மேலோட்டின் உட்புறத்தை ஒட்டியே வழித்தார். தசை அறுபட்டதும் மூடி தானே விட்டது. கரிய பையை நீக்கினார். விளிம்புச் சதையை எறியாமல் உப்பிலே உரைஞ்சிக் கழுவி, வெங்காயத்தோடு அவித்து இரசமாக வடித்து மறுநாட் சூப்புக்கென்று எடுத்துவைத்தார். எஞ்சிய வெண்தசையைக் குளிர்நீரில் ஒருமுறை அலசித் துணியில் ஒற்றினார். நீரில் ஊறவிட்டால் இனிமை போய்விடுமாம். இக்குடாவின் மாரிச் சிப்பியில் செம்மஞ்சள் நிறச் சினைப்பை பெரும்பாலும் இராது. அதைக் குறையென்பாரும் உளர். அம்மையாருக்கு அதுவே பெருமை.

குழிந்த ஓடுகள் நான்கைத் தூரிகையால் தேய்த்துக் கொதிநீரில் இட்டு எடுத்தார். சின்ன வெங்காயம் நான்கைந்தைப் பொடியாக அரிந்து உப்பிட்ட வெண்ணெயிலே நிறம் மாறாமல் வதக்கி, அரைக் கிளாசு வெள்ளைத் திராட்சை மதுவை ஊற்றி வற்றவிட்டார். மதுவைக் கண்டதும் எம் மனைவியார் முகம் சுருங்கியதை அம்மையார் கவனித்துவிட்டார். இரண்டு ஓடுகளுக்குரிய வெங்காயத்தை முன்னரே பிரித்து வைத்து எலுமிச்சஞ்சாறு சில துளி விட்டார். வேண்டியது ஒரு சிறு புளிப்பு. அது எதிலிருந்து வந்தாலென்ன?

"தம்பி, கொஞ்சம் மிளகு போடலாமோ என்று அம்மாவிடம் கேளும்," என்றார் எம் மனைவியார்.

"போடலாமாம் அண்ணி. ஆனால் சிப்பி இருக்கிறது நாக்குக்குத் தெரியவேண்டுமாம்," என்று மொழிபெயர்த்தார் தம்பி.

ஓட்டுக்கு மூன்று துண்டாக வைத்து, மேலே வதக்கிய வெங்காயமும் அரிந்த பாசிலி இலையும் பரப்பி, முதல்நாட் பாணை உதிர்த்த தூளைத் தூவி, வெண்ணெய்த் துளிகள் இட்டார். ஓடுகள் ஆடிக் கவிழாதிருக்கத் தட்டிலே கல்லுப்பைப் பரப்பி அதன்மேல் நிறுத்தினார். நன்றாகச் சூடேறிய போறணையில், 220 பாகையில், எட்டு நிமிடம். அவ்வளவே. பாண்தூள் பொன்னிறமானதும் வெளியே எடுத்தார். இன்னும் இரண்டு நிமிடம் விட்டால் இறப்பர்தான் என்றார். கணவாய்க்கறியை அளவு தெரியாமல் அடுப்பில் விட்ட வீடுகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மாவும் பாலும் பாற்கட்டியும் சேர்த்த குழம்பிலே சிப்பியை மூழ்கடிக்கும் பாரிசு முறை ஒன்றுண்டு. பின்னர் ஓர் உணவகத்தில் அதையும் உண்டோம். பாற்கட்டியை உண்டதாகவே நினைவு.

எர்க்கியிலே உண்டது வேறு. மேலே மொறுமொறுப்பு, உள்ளே இளநீர் வழுக்கை போன்ற மென்மை, கடலுப்பின் பின்னே மெல்லிய இனிப்பு. ஓட்டின் அடியில் தேங்கிய சாற்றைப் பாணால் துடைத்து உண்பதுதான் முறை என்று அம்மையாரே செய்து காட்டினார். எலுமிச்சைச் சாறு விட்ட ஓட்டைத் தாமே எடுத்துச் சுவைத்து, அடுத்த முறை இப்படியும் செய்வேன் என்றார்.

உண்டு முடிந்ததும் ஓடுகளைக் கழுவி அலுமாரியிலே பழைய ஓடுகளோடு அடுக்கினார். அவற்றுட் சில அவருடைய தாயார் காலத்தவையாம். ஓட்டிலுள்ள வளையங்கள் ஆண்டைக் காட்டும் என்று கேள்வியுற்றிருந்தமையால் ஒன்றை வெளிச்சத்திற் பிடித்து எண்ணினோம், ஏழு. அன்று வாங்கிய சிப்பியில் இரண்டே இருந்தன. அம்மையார் அதனை வாங்கித் துடைத்து மற்றவற்றின் அடியிலே வைத்தார். அதைப் போறணைக்குள் விடுவதில்லையாம்.