நினைவறியும் சோலை உண்டோ?

வருவோர் மனத்தில் எண்ணுவதை அறிந்து மலர்வனவும் வாடுவனவுமாகிய செடிகள் நிறைந்த மாயச் சோலையைப் பற்றிப் பல நாட்டார் கதை புனைந்துள்ளனர். வடமொழிக் காவிய மரபும் இத்தகைய கற்பனைக்கு இடம் தந்துளது. பெண்ணின் பாதம் தீண்ட அசோகு பூக்கும் என்றும், அவள் வாய்மது உமிழ மகிழ் மலரும் என்றும் புலவர்கள் பாடினர். நம் தொல்காப்பியரோ சற்றே அடக்கமாகப் பேசினார். புல்லும் மரமும் ஓரறிவுடையன. அவ்வறிவு தீண்டலை உணரும் அறிவு என்று வகுத்ததோடு நின்றுவிட்டார். இவ்விரண்டில் உண்மைக்கு அண்மையது எது என்று நேரிற் காண விரும்புவோர்க்குப் பேராதனைப் பூந்தோட்டத்தினும் ஏற்ற இடம் இலங்கையில் வேறில்லை.

கண்டி நகரிலிருந்து கொழும்பு வீதியில் ஏறத்தாழ 6 கிலோமீட்டர் தொலைவில், மகாவலி கங்கை வளைத்தோடும் 147 ஏக்கர் நிலத்தில் இத்தோட்டம் அமைந்துளது. கீர்த்தி ஸ்ரீ இராசசிங்கன் காலத்தில் அரசர்க்குரிய சோலையாயிருந்த இவ்விடத்தை, 1821 ஆம் ஆண்டில் அலெக்சாந்தர் மூன் என்னும் ஆங்கிலேயர் தாவரவியற் பூங்காவாக ஆக்கினார். அயலிலேயே பேராதனைப் பல்கலைக்கழகம். பரீட்சை நெருங்கும் வேளையில் இங்குள்ள மரநிழல்கள் எத்தனை மாணவரின் கவலையைக் கேட்டிருக்கும்!

மாயம் காண வருவோர் முதலில் வானளாவும் மரங்களை விடுத்து, புல்லோரத்தைக் குனிந்து நோக்குதல் வேண்டும். சிங்கள மக்கள் ‘நிதிகும்பா’ என அழைக்கும் தொட்டாற்சுருங்கி இலங்கையெங்கும் புல்லிடையே படர்ந்து கிடப்பது. அமெரிக்க வெப்ப நாடுகளிலிருந்து வந்து குடியேறிய செடி அது. விரல் பட்டவுடன் சிற்றிலைகள் இணையிணையாகக் குவியும். பின்னர்க் காம்பே தாழ்ந்துவிடும். நாணமுமன்று, அச்சமுமன்று. இலையடியிலும் காம்படியிலும் உள்ள சிறு முடிச்சுக்களில் நீர் நிறைந்த நுண்ணறைகள் உள. தீண்டலால் மின்துடிப்பொன்று எழுந்து அங்குச் சேர்ந்ததும், பொட்டாசியம் முதலிய உப்புக்கள் அவ்வறைகளை விட்டு வெளியேற, நீரும் அவற்றைப் பின்தொடர்கின்றது. நீரிழந்த பக்கம் தளர, இலை மடிகின்றது. சில நிமிடங்களில் நீர் மீள, இலையும் நிமிர்கின்றது.

செடிக்குள் ஓடும் இம்மின்துடிப்பை நுண்கருவிகளால் அளந்து உலகுக்குக் காட்ட முனைந்தவர்களில் தலையாயவர் வங்கத்து அறிஞர் ஜகதீஷ் சந்திர போஸ். தொட்டாற்சுருங்கியையும், தானாகவே சிற்றிலைகளை ஆட்டும் தொழுகண்ணியையும் அவர் ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்தார். 2014 இல் வெளியான ஆய்வொன்று இன்னும் வியப்பானது. தொட்டாற்சுருங்கிச் சட்டிகளைச் சிறிது உயரத்திலிருந்து மீண்டும் மீண்டும் விழச் செய்தபோது, தீங்கில்லையென்று கண்டுகொண்டாற்போல் அவை இலை மூடுவதை விட்டன. நான்கு வாரம் கழிந்தும் அப்பழக்கத்தை மறந்தில. இதை நினைவு என்னலாமா என்பதில் அறிஞரிடையே வழக்கு ஓயவில்லை.

தோட்டத்தின் குக் பைன் மரங்களையும் காணாது திரும்பலாகாது. சாய்ந்தும் நெளிந்தும், நடக்கும்போதே நின்றுவிட்டவை போல அவை நிற்கின்றன. இவ்வின மரங்கள் உலகின் பல பகுதிகளில் நிலநடுக்கோட்டை நோக்கிச் சாய்கின்றன என 2017 இல் ஆய்வாளர் அறிவித்தனர்.

தீண்டலும் ஒளியும் இருக்கட்டும், எண்ணம்? 1966 இல் அமெரிக்காவில் பொய்யறி கருவி வல்லுநர் கிளீவ் பாக்ஸ்டர், ஒரு வீட்டுச் செடியில் அக்கருவியைப் பொருத்தி, அதன் இலையை எரிக்கத் தாம் நினைத்த அளவிலேயே முள் துள்ளியது என்றார். உலகமே பரபரப்புற்றது. அவர் கூற்றை முறைப்படி சோதித்தோர் அத்தகைய பயன் எதையும் காணவில்லையென 1975 இல் எழுதினர். இச்செய்திக்காக வருந்துவதினும் மகிழ்வதே தகும். ஆற்றங்கரையிலுள்ள பருமூங்கிற் புதரில் தம் பெயரைச் செதுக்கிச் செல்லும் காதலரின் மனத்தை அம்மூங்கில் அறியுமாயின், அது என்னவாகும்!

எனினும், மனிதர் எண்ணத்துக்கு இச்சோலை இணங்கியதே இல்லை என்று சொல்லிவிடவும் இயலாது. அதிகாரம் படைத்தோர் எண்ணியதை அது நன்றாகவே கேட்டது. 1824 இல் சீனத்துத் தேயிலைச் செடி இங்கு வந்தது. 1861 இல் கொயினா மருந்து தரும் சின்கோனாவும், 1876 இல் பிரேசிலின் இறப்பரும் இத்தோட்டத்தார் மேற்பார்வையில் இலங்கை மண்ணில் வேர்கொண்டன. மலைநாட்டுக் காடுகள் அழிந்து கோப்பித் தோட்டங்களாயின. அந்நினைப்புக்குச் செடியுலகம் தந்த மறுமொழியும் உண்டு. மலைதோறும் ஒரே பயிராக நின்ற கோப்பியை 1869 இல் செம்மஞ்சட் பூஞ்சணம் பற்றியது. காற்றில் பரவிய அந்நோயால் சில ஆண்டுகளுக்குள் பெருந்தோட்டங்கள் பாழாயின. கண்டிக்குத் தென்கிழக்கே லூல்கந்துரையில் 1867 இலேயே ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் பயிரிட்டிருந்த தேயிலை, அதன்பின் அம்மலைகளைத் தனதாக்கிக்கொண்டது.

செடியும் சிந்தனையும் மட்டும் மலையை மாற்றிவிடவில்லை. தமிழகத்திலிருந்து கடல் கடந்து மன்னார்க் கரையில் இறங்கி, காட்டுவழியே மாத்தளை வரை நடந்து வந்தவர்களின் கைகளே மாற்றின. வழியிலேயே நோயாலும் பசியாலும் வீழ்ந்தோர் பலர். பூந்தோட்டத்திலே அயல்நாட்டு மரத்துக்கும் பெயர் எழுதிய பலகை உண்டு. தேயிலையை வளர்த்த அம்மக்களில் மிகப் பலரோ 1948 ஆம் ஆண்டுச் சட்டத்தால் நாடற்றவராயினர். எஞ்சியோர்க்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003 இல்தான் நிறைவேறிற்று.

பேராதனையைக் காணச் செல்லும் குடும்பத்தினர், நேரமிருப்பின், இன்னும் இரண்டு இடங்களுக்கும் போய்வரலாம். கண்டிக்கு மேலே அந்தானை மலையில், பழைய தேயிலை ஆலையொன்றில் தேயிலை அரும்பொருளகம் இருக்கிறது. டெய்லர் காலத்து நினைவுப் பொருள்களும் பழைய பொறிகளும் அங்குள்ளன. மற்றது கம்பளைக்கு அண்மையிலுள்ள தோட்டத் தொழிலாளர் அரும்பொருளகம். பெரிய கட்டடமன்று, ஒரு காலத்தில் தொழிலாளர் குடும்பங்கள் வாழ்ந்த லயன் அறைகளே அது.